சுப்ரதா மித்ரா

சுப்ரதா மித்ரா (அக்டோபர் 12, 1930 – டிசம்பர் 7, 2001) இந்தியத் திரைப்பட ஒளிப்பதிவாளர் ஆவார். வங்காளத் திரைப்பட இயக்குநர் சத்யஜித் ராயின் முதல் திரைப்படமான பதேர் பாஞ்சாலி (1955) தொடங்கி நாயக் (1966) வரை அவருடைய பத்துத் திரைப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர். திரைத்துறையினர் பவுன்ஸ் லைட்டிங் என்று அழைக்கும் எதிரொளிப்பு ஒளியமைப்பை, ஒரு முழு அரங்கக் காட்சிக்குரிய முதன்மை ஒளியாக 1956 ஆம் ஆண்டிலேயே பயன்படுத்தியவர் என்பதால் திரைப்பட வரலாற்றில் சிறப்பிடம் பெறுகிறார். படப்பிடிப்பு அரங்கினுள் பகல் வெளிச்சத்தை இயல்பாகக் காட்ட முடியும் என்பதை இந்தியத் திரைப்படங்களில் நிறுவியவராக இவர் கருதப்படுகிறார்.

இளமைக் காலம்

மித்ரா கல்கத்தாவில் (இன்றைய கொல்கத்தா) ஒரு வங்காளக் குடும்பத்தில் பிறந்தார். பள்ளி நாட்களிலேயே பிரித்தானிய, அமெரிக்கத் திரைப்படங்களைத் தேடிச் சென்று பார்க்கும் வழக்கம் இவருக்கு இருந்தது. டேவிட் லீன் இயக்கி, கை கிரீன் ஒளிப்பதிவு செய்த கிரேட் எக்ஸ்பெக்டேசன்ஸ் (1946), ஆலிவர் டுவிஸ்ட் (1948) ஆகிய கறுப்பு-வெள்ளைப் படங்கள் இவரைப் பெரிதும் கவர்ந்தன. கல்லூரிக் காலத்தில், கட்டடக் கலைஞர் ஆவது அல்லது ஒளிப்பதிவாளர் ஆவது என இரண்டில் ஒன்றை இவர் விரும்பியிருந்தார். ஒளிப்பதிவு உதவியாளராகச் சேர மேற்கொண்ட முயற்சிகள் பலனளிக்காததால் அறிவியல் படிப்பைத் தொடர்ந்தார்.

அக்காலத்தில் இந்தியாவில் ஒளிப்பதிவைக் கற்றுக்கொள்வதற்கான வாய்ப்புகள் மிகக் குறைவு. சில தொழில்நுட்பப் பயிலகங்களில் மட்டுமே பயிற்சி அளிக்கப்பட்டது. பெரும்பாலோர் ஏதேனும் ஒரு படப்பிடிப்பு நிலையத்தில் உதவியாளராகச் சேர்ந்து, பல ஆண்டுகள் மூத்த ஒளிப்பதிவாளரிடம் பணியாற்றிய பின்னரே தனித்து ஒளிப்பதிவு செய்யும் நிலையை அடைந்தனர். புனேயில் திரைப்படப் பயிற்சி நிறுவனம் 1960 ஆம் ஆண்டில்தான் நிறுவப்பட்டது.

த ரிவர் திரைப்படம்

பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் த ரிவர் (1951) என்னும் வண்ணத் திரைப்படத்தை எடுப்பதற்காகக் கல்கத்தா வந்தபோது மித்ரா அதில் வேலை கேட்டார், கிடைக்கவில்லை. பின்னர் அவருடைய தந்தை அவரை ரெனுவாரிடம் அழைத்துச் சென்று, படப்பிடிப்பைப் பார்வையிட மட்டும் அனுமதி பெற்றுத் தந்தார்.

மித்ரா நாள்தோறும் படப்பிடிப்புக்குச் சென்று குறிப்பேடு ஒன்றைப் பராமரித்தார். விளக்குகள் வைக்கப்பட்ட இடங்கள், படப்பிடிப்புக் கருவியின் இடம், நடிகர்களின் நகர்வு ஆகியவற்றை வரைபடங்களாக வரைந்து வைத்தார். படத்தின் ஒளிப்பதிவாளர் கிளாட் ரெனுவார் (இயக்குநரின் உடன்பிறந்தார் மகன்) அவ்வரைபடங்களைக் கண்டு பாராட்டினார். ஒரு காட்சியை மீண்டும் படம் பிடிக்க வேண்டி வந்தபோது முந்தைய ஒளியமைப்பைச் சரிபார்க்க மித்ராவின் குறிப்புகளே உதவின.

இப்படப்பிடிப்பின்போதுதான் மித்ரா இருவரோடு நெருக்கமானார். ஒருவர், விளம்பர நிறுவனம் ஒன்றில் ஓவியராகப் பணியாற்றிக்கொண்டே ரெனுவாரின் படப்பிடிப்பைக் காண வந்துகொண்டிருந்த சத்யஜித் ராய். மற்றவர், அப்படத்தின் கலைப் பிரிவில் பணிபுரிந்த பன்சி சந்திரகுப்தா. பின்னாளில் ராயின் படங்களில் இயக்கம், ஒளிப்பதிவு, கலை இயக்கம் ஆகிய மூன்றையும் இம்மூவரே ஏற்றனர். சித்தார் வாசிக்கக் கற்றிருந்த மித்ரா, த ரிவர் படத்தின் இசைக்கும் சித்தார் வாசித்துள்ளார்.

பதேர் பாஞ்சாலி

ராய் தமது முதல் படத்துக்கு மித்ராவை ஒளிப்பதிவாளராகத் தேர்ந்தெடுத்தபோது மித்ராவுக்கு வயது 21. நிழற்படங்கள் எடுத்த பழக்கம் இருந்ததேயன்றி, திரைப்படக் கருவியை அவர் அதற்குமுன் இயக்கியதில்லை. ராய்க்கும் அதுவே முதல் படம்.

படப்பிடிப்பு 1952 அக்டோபரில் தொடங்கியது. வெண்ணிற நாணற்பூக்கள் நிறைந்த வயலில் அப்புவும் துர்காவும் தொடர்வண்டியைக் காணும் காட்சியே முதலில் எடுக்கப்பட்டது. ஒரு நாள் படப்பிடிப்புக்குப் பின் அடுத்த வாரம் சென்றபோது பூக்கள் முழுவதையும் கால்நடைகள் மேய்ந்துவிட்டிருந்தன. எஞ்சிய பகுதியை அடுத்த பூக்கும் பருவம் வரை காத்திருந்து எடுக்க வேண்டியிருந்தது. பணப் பற்றாக்குறையால் படப்பிடிப்பு பலமுறை நின்றது. இறுதியில் மேற்கு வங்காள மாநில அரசின் நிதியுதவியோடு படம் முடிந்து 1955 ஆகத்து மாதம் கல்கத்தாவில் வெளியானது.

ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் இடைவெளி விட்டு எடுக்கப்பட்ட காட்சிகள் திரையில் ஒரே நாளில் நடப்பவையாகத் தோன்ற வேண்டும். வெவ்வேறு பருவங்களில் சூரியனின் உயரமும் வெயிலின் கடுமையும் மாறுபடும். எனவே ஒளியின் தொடர்ச்சியைக் காப்பது இப்படத்தில் ஒளிப்பதிவாளரின் முதன்மைப் பணியாக இருந்தது. கல்கத்தாவுக்கு அருகிலுள்ள போரால் கிராமத்தில் பகல் காட்சிகள் இயற்கை வெளிச்சத்தில் எடுக்கப்பட்டன. இரவுக் காட்சிகள் படப்பிடிப்பு நிலையத்தில் எடுக்கப்பட்டன. நடிகர்களின் முகத்துக்கெனத் தனி விளக்கு வைத்து அழகூட்டும் வழக்கம் இப்படத்தில் பெரும்பாலும் கைவிடப்பட்டது.

பதேர் பாஞ்சாலி 1956 ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் சிறந்த மனித ஆவணத்துக்கான விருதைப் பெற்றது. ரவி சங்கர் இசையமைத்த இப்படத்தின் சில பகுதிகளுக்கு மித்ரா சித்தார் வாசித்தார் என்பது குறிப்பிடத்தக்கது.

எதிரொளிப்பு ஒளியமைப்பு

பின்னணி

1950களில் இந்தியப் படப்பிடிப்பு நிலையங்களில் அரங்கின் மேல் கட்டப்பட்ட பரண்களில் விளக்குகள் பொருத்தப்பட்டன. அவற்றின் ஒளி நேரடியாக நடிகர்கள்மீது விழும். விளக்கின் ஒளி வெளிப்படும் பரப்பு சிறியதாக இருப்பதால் நிழல் கூர்மையாக விழும். ஒன்றுக்கு மேற்பட்ட விளக்குகள் பயன்படும்போது ஒரே ஆளுக்குச் சுவரில் இரண்டு, மூன்று நிழல்கள் தோன்றும். மெய்யான வீட்டில் பகலில் இவ்வாறு நிழல்கள் விழுவதில்லை. எனினும் பார்வையாளர்கள் அதற்குப் பழகியிருந்தனர். தயாரிப்பாளர்களும் நட்சத்திரங்களின் முகம் பளிச்செனத் தெரிவதையே விரும்பினர்.

அபராஜிதோ

பதேர் பாஞ்சாலியின் தொடர்ச்சியான அபராஜிதோ (1956) படத்தில் அப்புவின் குடும்பம் காசிக்குக் குடிபெயர்கிறது. காசியின் பழைய வீடுகளில் அறைகள் ஒரு நடுமுற்றத்தைச் சுற்றி அமைந்திருக்கும். குறுகிய சந்துகளில் அமைந்த உயர்ந்த வீடுகள் என்பதால் முற்றத்தில் வெயில் நேராக விழுவது குறைவு. மேலே தெரியும் வானத்தின் வெளிச்சமே கீழே இறங்கிப் பரவும். அந்த வெளிச்சத்தில் நிழல்கள் தெளிவாக விழுவதில்லை.

மழைக்காலத்தில் படப்பிடிப்பு தடைபடும் என்பதால் இவ்வீட்டைக் கல்கத்தாவிலுள்ள படப்பிடிப்பு நிலையத்தினுள் அமைக்க பன்சி சந்திரகுப்தா முடிவு செய்தார். மித்ரா இதனை எதிர்த்தார். வானத்திலிருந்து வரும் நிழலற்ற ஒளியை அரங்கில் உண்டாக்க இயலாது என்பது அவருடைய வாதம். காசியின் சந்துகளிலும் படித்துறைகளிலும் உண்மையான வெளிச்சத்தில் எடுக்கப்படும் காட்சிகளை அடுத்து இம்முற்றத்துக் காட்சிகள் வரவிருந்தன. ஒளி வேறுபட்டால் வீடு பொய் என்பது பார்வையாளருக்கு உடனே புலப்பட்டுவிடும். ஆயினும் அரங்கு அமைப்பது என்னும் முடிவு மாறவில்லை.

இதற்குத் தீர்வாக மித்ரா, முற்றத்தின் மேற்புறத்தில் வானம் இருக்க வேண்டிய இடத்தில் சட்டமிட்ட வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளை நடிகர்களை நோக்கித் திருப்பாமல், கீழிருந்து அத்துணியை நோக்கித் திருப்பினார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி, வானத்து வெளிச்சத்தைப் போலவே முற்றத்தில் பரவிற்று.

செயற்படும் விதம்

ஒளி மூலத்தின் பரப்பு பெரிதாகும்போது நிழலின் ஓரம் மென்மையாகிறது. தெளிந்த வானில் சூரியன் சிறு வட்டமாகத் தெரிவதால் நண்பகல் நிழல் கூர்மையாக இருக்கிறது. மேகம் சூழ்ந்த நாளில் வானம் முழுவதுமே ஒளி மூலமாகிவிடுவதால் நிழல் மறைந்துபோகிறது. விளக்கொளியைப் பெரிய வெள்ளைப் பரப்பில் செலுத்தினால் அப்பரப்பே புதிய ஒளி மூலமாகிறது. துணியின் ஒவ்வொரு புள்ளியிலிருந்தும் ஒளி பல திசைகளில் சிதறுவதால், ஒரு புள்ளியிலிருந்து வரும் ஒளி தடுக்கப்பட்டு உண்டாகும் நிழலை மற்றப் புள்ளிகளிலிருந்து வரும் ஒளி நிரப்பிவிடுகிறது.

இம்முறையில் ஒரு குறைபாடும் உண்டு. விளக்கின் ஒளியில் ஒரு பகுதியைத் துணி உறிஞ்சிக்கொள்கிறது; எஞ்சியது பல திசைகளில் சிதறுவதால் நடிகர்மீது விழும் ஒளியின் அளவு வெகுவாகக் குறைகிறது. அக்காலப் படச்சுருள்களின் ஒளியுணர்வோ இன்றைய படச்சுருள்களோடும் எண்மக் கருவிகளோடும் ஒப்பிடுகையில் குறைவு. இதனை ஈடுசெய்ய விளக்குகளின் எண்ணிக்கையைக் கூட்ட வேண்டும் அல்லது வில்லையின் துளையை அகலமாகத் திறக்க வேண்டும். துளையை அகலத் திறந்தால் குவியத்தின் ஆழம் குறையும். நடிகர் ஓரடி முன்னே வந்தாலும் உருவம் மங்கக்கூடும். நேரடி விளக்குகளால் எளிதில் முடியும் ஒரு வேலைக்கு இத்தனை இடர்களையும் மித்ரா ஏற்றுக்கொண்டார்.

வெளிப்புறப் படப்பிடிப்பில் வெயிலைத் தகடுகளால் திருப்பி முகத்தில் விழச் செய்வது முன்னரே வழக்கத்தில் இருந்தது. ஓர் அரங்கின் முழு ஒளியையும் எதிரொளிப்பின் மூலமே அமைத்ததே மித்ராவின் பங்களிப்பாகும். சுவீடன் நாட்டு ஒளிப்பதிவாளர் சுவென் நிக்விஸ்ட், இங்மார் பெர்க்மனின் த்ரூ எ கிளாஸ் டார்க்லி (1961) படத்தில் இத்தகைய மென்மையான ஒளியைப் பயன்படுத்தியது உலக அளவில் பேசப்பட்டது. அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே மித்ரா இதனைக் கையாண்டதாக ராய் சுட்டிக்காட்டியுள்ளார்.

சமகால ஒளிப்பதிவுடன் ஒப்பீடு

இதே காலத்தில் பம்பாயில் குரு தத்தின் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த வி. கே. மூர்த்தி, ஒளிக்கும் இருளுக்கும் இடையிலான கடும் முரணை உணர்ச்சி வெளிப்பாட்டுக்குப் பயன்படுத்தினார். காகசு கே பூல் (1959) படத்தில் கண்ணாடிகளைக் கொண்டு சூரிய ஒளியைத் திருப்பி, படப்பிடிப்பு நிலையத்தினுள் ஒரு பெரும் ஒளிக்கற்றையாக விழச் செய்தது இதற்குப் புகழ்பெற்ற எடுத்துக்காட்டு. மூர்த்தியின் ஒளியைப் பார்வையாளர் கவனிக்க வேண்டும். மித்ராவின் ஒளியோ கவனத்துக்கு வராமலே இருக்க வேண்டும். அறையின் வெளிச்சம் எந்தச் சன்னலிலிருந்து, எந்த விளக்கிலிருந்து வருகிறது என்பதற்கு ஏரணம் இருக்க வேண்டும் என்பதே மித்ரா கடைப்பிடித்த விதியாகும்.

ராயின் பிற படங்கள்

ஜல்சாகர் (1958): வீழ்ச்சியுற்ற சமீன்தார் ஒருவரின் கதை. படத்தின் பெரும் பகுதி நிம்திதா என்னும் ஊரிலுள்ள பழைய அரண்மனையில் எடுக்கப்பட்டது. இசைக் கூடத்தின் சரவிளக்கு, நிலைக்கண்ணாடி, மெழுகுவத்திகள் ஆகியன கதைமாந்தரின் நிலையை உணர்த்தும் ஒளி மூலங்களாக அமைந்தன.

அபுர் சன்சார் (1959): அப்பு வாழும் மாடியறை அரங்காக அமைக்கப்பட்டது. சன்னல் வழியே வரும் வெளிச்சத்தை அடிப்படையாகக் கொண்டு அறை முழுவதும் ஒளியூட்டப்பட்டது.

காஞ்சன்சங்கா (1962): ராயின் முதல் வண்ணப்படம். தார்ச்சிலிங் மலைநகரில் எடுக்கப்பட்டது. கதை ஒரே பிற்பகலில் நடைபெறுகிறது. வெயில், மேகம், மூடுபனி, மீண்டும் வெயில் என மாறும் வானிலை கதையோட்டத்தோடு இணைக்கப்பட்டது. வெயில் வரும் வரை காத்திருப்பதற்கு மாறாக, அவ்வேளையின் வானிலைக்கு ஏற்ற காட்சியைப் படம் பிடிக்கும் முறை பின்பற்றப்பட்டது.

சாருலதா (1964): பத்தொன்பதாம் நூற்றாண்டு வங்காளச் செல்வர் ஒருவரின் இல்லம் அரங்காக அமைக்கப்பட்டது. தனிமையிலிருக்கும் சாரு, கைத்தொலைநோக்கி வழியே தெருவைப் பார்க்கும் தொடக்கக் காட்சியும், அவள் தோட்டத்தில் ஊஞ்சலாடும் காட்சியும் திரைப்படக் கல்லூரிகளில் பாடமாகக் கொள்ளப்படுகின்றன.

நாயக் (1966): கதையின் பெரும்பகுதி ஓடும் தொடர்வண்டியில் நிகழ்கிறது. வண்டியின் பெட்டிகள் அரங்கினுள் அமைக்கப்பட்டு, சன்னலுக்கு வெளியே நகரும் நிலக்காட்சி பின்புறத் திரையில் வீழ்த்தப்பட்டது. வெளிக்காட்சியின் வெளிச்சமும் பெட்டிக்குள் இருக்கும் வெளிச்சமும் பொருந்தும்படி அமைக்கப்பட்டதால் இது அரங்கில் எடுக்கப்பட்டது என்பதை எளிதில் கண்டறிய இயலாது.

ராயின் அனைத்துப் படங்களிலும் மித்ரா பணியாற்றவில்லை. மித்ராவுக்கு ஏற்பட்ட கண் நோய் காரணமாக, அவருடைய உதவியாளர் சௌமேந்து ராய் தீன் கன்யா (1961) படத்தின் ஒளிப்பதிவை ஏற்றார். சாருலதா முதல் ராய் படப்பிடிப்புக் கருவியைத் தாமே இயக்கத் தொடங்கினார். ஒளியமைப்பு ஒருவரிடமும் கருவி மற்றொருவரிடமும் இருந்த இந்நிலை, இருவரும் பிரிந்தமைக்கு ஒரு காரணமாகக் கூறப்படுகிறது. நாயக் படத்துக்குப் பின் இருவரும் இணைந்து பணியாற்றவில்லை. அதன்பின் ராயின் பெரும்பாலான படங்களுக்கு சௌமேந்து ராய் ஒளிப்பதிவு செய்தார்.

பிற இயக்குநர்களுடன்

இசுமாயில் மெர்ச்சன்ட் தயாரிக்க, அமெரிக்க இயக்குநர் சேம்சு ஐவரி இந்தியாவில் எடுத்த முதல் நான்கு கதைப்படங்களுக்கும் மித்ராவே ஒளிப்பதிவாளர். த அவுசுஓல்டர் (1963), சேக்சுபியர் வாலா (1965) ஆகியவை கறுப்பு-வெள்ளையிலும், த குரு (1969), பாம்பே டாக்கி (1970) ஆகியவை வண்ணத்திலும் வெளியாயின. இந்தியாவுக்குப் புதியவரான ஐவரிக்கு ராயின் குழுவினர் அளித்த ஒத்துழைப்பு பெரும் துணையாக இருந்தது.

இந்தித் திரையுலகில் மித்ராவின் குறிப்பிடத்தக்க படம் பாசு பட்டாச்சாரியா இயக்கிய தீசுரி கசம் (1966) ஆகும். பீகாரின் கிராமப்புறப் பின்னணியில் பணீசுவர்நாத் ரேணு எழுதிய சிறுகதையைத் தழுவியது. பாடலாசிரியர் சைலேந்திரா தயாரித்தார். இந்தித் திரைப்படங்கள் வேகமாக வண்ணத்துக்கு மாறிக்கொண்டிருந்த காலத்தில் இது கறுப்பு-வெள்ளையில் எடுக்கப்பட்டது. ராச் கபூர், வகீதா ரகுமான் ஆகிய பெரும் நட்சத்திரங்கள் நடித்தபோதிலும் மாட்டு வண்டிப் பயணமும் ஊர்த் திருவிழாவும் பகட்டின்றிப் படம் பிடிக்கப்பட்டன. படம் வணிக அளவில் தோல்வியடைந்தது. எனினும் சிறந்த திரைப்படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது.

பிற்காலம்

1970க்குப் பின் மித்ரா மிகச் சில படங்களிலேயே பணியாற்றினார். மனநிறைவு ஏற்படும் வரை ஒளியமைப்பில் நேரம் செலவிடுபவர், தரத்தில் விட்டுக்கொடுக்காதவர் என அறியப்பட்டவர் இவர். ஆண்டுதோறும் வெளியாகும் படங்களின் எண்ணிக்கை பெருகி, விரைந்து முடிப்பதற்கு முதன்மை அளித்த திரைத்துறையில் இத்தகைய ஒருவருக்கான வாய்ப்புகள் குறைவாகவே இருந்தன.

நீண்ட இடைவெளிக்குப் பின் ரமேசு சர்மா இயக்கிய நியூ டெல்லி டைம்சு (1986) படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். அரசியலுக்கும் இதழியலுக்கும் இடையிலான உறவைக் கூறும் இவ்வண்ணப்படத்துக்காகச் சிறந்த ஒளிப்பதிவாளருக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது.

1997 முதல் கொல்கத்தாவிலுள்ள சத்யஜித் ராய் திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவுப் பேராசிரியராகப் பணியாற்றினார். முறையான பயிற்சி எதுவும் பெறாத இவர், தம் வாழ்வின் இறுதி ஆண்டுகளைப் பயிற்சி அளிப்பதில் செலவிட்டார். 2001 டிசம்பர் 7 அன்று கொல்கத்தாவில் காலமானார்.

தாக்கம்

1960களில் புனே திரைப்படப் பயிற்சி நிறுவனத்திலிருந்து வெளிவந்த ஒளிப்பதிவாளர்கள் இயற்கை ஒளியையும் மென்மையான எதிரொளியையும் பரவலாகப் பயன்படுத்தினர். அவர்களுள் ஒருவரான பாலு மகேந்திரா, பதேர் பாஞ்சாலி தம்மை ஆழமாகப் பாதித்த படம் எனக் கூறியுள்ளார். கிடைக்கும் வெளிச்சத்தை இயன்றவரை மாற்றாமல் பயன்படுத்தும் அவருடைய முறை, 1970களின் பிற்பகுதி முதல் தமிழ்த் திரைப்படங்களில் அறிமுகமாகிப் பலரால் பின்பற்றப்பட்டது.

இன்று வெள்ளைத் துணியும் தெர்மாகோல் பலகையும் இல்லாத படப்பிடிப்புத் தளத்தைக் காண்பது அரிது. விளக்கை முகத்துக்கு நேரே திருப்பாமல் அவற்றில் செலுத்தித் திருப்புவது இன்று ஒளிப்பதிவு உதவியாளர்கள் தொடக்கத்திலேயே கற்கும் பாடமாகிவிட்டது.

விருதுகள்

- சிறந்த ஒளிப்பதிவாளருக்கான தேசியத் திரைப்பட விருது – நியூ டெல்லி டைம்சு
- பத்மசிறீ விருது, இந்திய அரசு
- ஈசுட்மன் கோடாக் வாழ்நாள் சாதனையாளர் விருது, 1992

ஒளிப்பதிவு செய்த முதன்மைத் திரைப்படங்கள்

- பதேர் பாஞ்சாலி (1955)
- அபராஜிதோ (1956)
- பரசு பாதர் (1958)
- ஜல்சாகர் (1958)
- அபுர் சன்சார் (1959)
- தேவி (1960)
- காஞ்சன்சங்கா (1962)
- மகாநகர் (1963)
- த அவுசுஓல்டர் (1963)
- சாருலதா (1964)
- சேக்சுபியர் வாலா (1965)
- நாயக் (1966)
- தீசுரி கசம் (1966)
- த குரு (1969)
- பாம்பே டாக்கி (1970)
- நியூ டெல்லி டைம்சு (1986)